முடிச்சுக்கு இரண்டு கை வேண்டும்

பிப்ரவரி 6

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் வாலு எழுதுகிறேன். இங்கே நானும் அவரும் ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். உங்கள் முழங்கால் வலி தேவலையா, வேளாவேளைக்குச் சாப்பிடுகிறீர்களா என்றுதான் மனசு அடித்துக்கொள்கிறது.

போன் இருக்கும்போது எதற்குக் கடிதம் என்று நினைப்பீர்கள். போன வாரம் போனில் பேசினோமே. நீங்கள் "ஹலோ" என்றீர்கள், நான் "அண்ணி" என்றேன். அதற்குப் பிறகு பத்து நிமிடம் இரண்டு பேரும் மூக்கைச் சிந்தியதுதான் மிச்சம். அவர் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துவிட்டு, "இதை அவங்கவங்க வீட்லயே அழுதுக்கலாமே, நடுவுல போன் எதுக்கு" என்று கேட்டார். கடிதம் என்றால் அழுதுகொண்டே எழுதலாம். எழுத்து நிற்காது.

அண்ணன் போய் மூன்று மாதம் ஆகிவிட்டது. "பஸ் லேட்டு. நான் வந்து பாத்தப்ப எல்லாம் முடிஞ்சிருந்துச்சு." இதைத் தவிர அன்றைக்கு நடந்ததைப் பற்றி உங்கள் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. நான் பஸ் பிடித்து மறுநாள் வந்து சேர்ந்தபோது வீடு முழுக்க ஆட்கள். எனக்கு அந்தச் சாயங்காலம் தெரிந்தாக வேண்டும் அண்ணி. தெரியாமல் என்னால் ஒரு வேலையும் உருப்படியாகச் செய்ய முடியவில்லை. போன வாரம் ஒரு ஜன்னல் திரையைத் தலைகீழாகத் தைத்துவிட்டேன். கடை முதலாளி அதைப் பிடித்துக்கொண்டு, "இந்த வீட்ல மயிலெல்லாம் தலைகீழாத்தான் ஆடுமா" என்று கேட்டார். ஆனாலும் உங்களை நெருக்க மாட்டேன். மனசு வரும்போது சொல்லுங்கள்.

இப்போதைக்கு வேறு ஒன்று கேட்கிறேன். அவருக்கும் சர்க்கரை வந்துவிட்டது. மைதா, ரொட்டி எல்லாம் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். நீங்கள் அண்ணனுக்குக் காலிஃபிளவரில் அடி வைத்துப் பீட்சா செய்வீர்களே, அதை எப்படிச் செய்வது என்று எழுதி அனுப்புங்கள். முடிந்தால் நேரில் வந்தே செய்து காட்டுங்கள். ஒரு பத்து நாள் இங்கே இருந்துவிட்டுப் போகலாம்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் வாலு


பிப்ரவரி 19

அன்புள்ள வாலுக்கு,

அண்ணி எழுதுவது. நான் நடமாடிக்கொண்டு இருக்கிறேன். கால் வலி அதுபாட்டுக்கு இருக்கிறது, நான் என்பாட்டுக்கு இருக்கிறேன். மாப்பிள்ளைக்குச் சர்க்கரை என்று படித்தேன். இனிப்பு டப்பாவை நீ கையெட்டும் இடத்தில் வைக்காதே. ஆண்கள் பூனை மாதிரி, சத்தமே வராது.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். ஆஸ்பத்திரி சலவைப் பிரிவில் உருப்படி எண்ணிக்கை எழுதுவதைத் தவிர வேறு எழுத்து எனக்கு வராது. தப்பு இருந்தால் நீயே திருத்திப் படித்துக்கொள்.

உன் அண்ணனுக்குப் பீட்சா பைத்தியம் பிடித்த கதை உனக்குத் தெரியும்தானே. ஒரு பீட்சா கடைக்குப் பெயிண்ட் அடிக்கப் போனார். பதினெட்டு நாள் வேலை. பதினெட்டு நாளும் மத்தியானம் அவர்களே கொடுத்தார்கள். ஐந்து நாளில் முடிகிற சுவரைப் பதினெட்டு நாள் அடித்திருக்கிறார் என்று எனக்குச் சந்தேகம். அப்புறம் சர்க்கரை வந்தது, மைதா கூடாது என்றார்கள். சின்னப் பிள்ளை மாதிரி முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். எங்கள் சலவைப் பிரிவில் என்னோடு விரிப்பு மடிக்கிற நெட்டைதான், நோயாளிகள் உட்காரும் இடத்தில் கிடந்த பத்திரிகையிலிருந்து ஒரு பக்கத்தைக் கிழித்துக் கொண்டுவந்து படித்துக் காட்டினாள்.

செய்வது இப்படி. நல்ல வெள்ளைப் பூவாக ஒன்று வாங்கு. காம்பை நீக்கித் துருவிக்கொள். ஆவியில் பத்து நிமிடம் வேகவை. தட்டில் கொட்டி ஆறவிடு. கை பொறுக்கும் சூடு வர வேண்டும். ஆறிய பிறகு

இந்த இடத்தில் எழுந்து போய் அடுப்பைத் துடைத்துவிட்டு வந்தேன். எங்கே விட்டேன். ஆம், முட்டை. ஒரு முட்டை உடைத்து ஊற்று. துருவிய சீஸ் ஒரு கைப்பிடி, உப்பு, மிளகு, நசுக்கிய பூண்டு இரண்டு பல். பிசைந்து, எண்ணெய் தடவிய தாளின் மேல் வட்டமாகத் தட்டி ஓவனில் வை. ஓரம் சிவக்க வேண்டும். வெளியே எடுத்து, தக்காளிச் சாறு தடவி, வெங்காயம், குடைமிளகாய், மேலே சீஸ் தூவி, இன்னொரு தடவை வை. சீஸ் உருகினால் எடுத்துவிடு. அவ்வளவுதான்.

வருவதற்கு இல்லை. லீவு கிடைக்காது. கிடைத்தாலும் இங்கே அடிக்கடி கரண்ட் போகிறது. நான் வீட்டில் இருந்தாக வேண்டும்.

மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல்.

அண்ணி


மார்ச் 3

அன்புள்ள அண்ணிக்கு,

கடிதம் கிடைத்தது. அதை நாலு தடவை படித்தேன். நாங்கள் சௌக்கியம், பீட்சாதான் சௌக்கியம் இல்லை.

நீங்கள் எழுதினபடி ஒன்று விடாமல் செய்தேன். தாளின் மேல் தட்டும்போதே அது நாலு பக்கமும் ஓடியது. முக்கால் மணி நேரம் ஓவனில் இருந்தும் சிவக்கவில்லை. அவர் தட்டில் வைத்ததும் கத்தியை எடுத்தார், வைத்தார், "ஸ்பூன் குடு" என்றார். பாதி சாப்பிட்டுவிட்டு, "உங்க அண்ணன் இதையா ரெண்டு வருஷம் தின்னாரு? நல்ல மனுஷன்" என்றார்.

நான் எங்கே தப்புச் செய்தேன்? ஏதாவது எழுத விட்டுப்போயிற்றா? யோசித்துப் பாருங்கள் அண்ணி.

அப்புறம், கரண்ட் போனால் நீங்கள் எதற்கு வீட்டில் இருக்க வேண்டும்? கையால் சுற்றி விடவா போகிறீர்கள்? ஒரு வாரம் பூட்டிவிட்டு வாருங்கள். உங்களுக்குப் பக்கத்து அறையைக் காலி செய்து, புதுத் திரைகூடத் தைத்து மாட்டிவிட்டேன். மயில் நேராகத்தான் நிற்கிறது.

பதிலுக்குக் காத்திருக்கும்,
வாலு


மார்ச் 27

அன்புள்ள வாலுக்கு,

உடனே எழுத முடியவில்லை, கோபித்துக்கொள்ளாதே. இங்கே மழையும் காய்ச்சலுமாக ஆஸ்பத்திரி நிரம்பி வழிகிறது. ஒரு நாளைக்கு அறுநூறு விரிப்பு வருகிறது. நெட்டையும் நானும் ஆளுக்கு ஒரு முனை பிடித்து மடித்து மடித்து, வீட்டுக்கு வந்தாலும் கை காற்றில் மடித்துக்கொண்டு இருக்கிறது. மற்றபடி நலம். நீங்களும் அப்படியே இருக்க வேண்டும்.

உன் ஓவனில்தான் கோளாறு இருக்கும். சூடு பற்றாது. இல்லாவிட்டால் முட்டை பெரிதாக இருந்திருக்கும். எனக்கு ஒன்றும் விட்டுப்போனதாகத் தெரியவில்லை. எனக்கு நன்றாகத்தான் வருகிறது. போன ஞாயிற்றுக்கிழமைகூடச் செய்தேன்.

ஃப்ரிட்ஜ் பத்து நாளாக உறுமுகிறது. நாங்கள் குடித்தனம் வந்த வருஷம் வாங்கினது. மெக்கானிக் வந்து பார்த்துவிட்டு, "ரெண்டு நாள் ஆஃப் பண்ணிப் போடுங்கம்மா, ஐஸ் எல்லாம் கரையட்டும், அப்புறம் வந்து பாக்கறேன்" என்றான். ஆஃப் செய்ய முடியாது என்றேன். "உள்ள என்னம்மா வச்சிருக்கீங்க, பொணமா" என்று சிரித்தான். பாவம், விவரம் தெரியாத பையன். நான் அவனுக்கு டீ கொடுத்து அனுப்பிவிட்டேன்.

வருவதைப் பற்றிப் பிறகு பார்க்கலாம்.

அண்ணி


ஏப்ரல் 5

அன்புள்ள அண்ணிக்கு,

முதலில் உங்கள் கைக்குக் கொஞ்சம் ஓய்வு கொடுங்கள். இங்கே எங்களுக்கு ஒன்றும் குறை இல்லை.

ஓவனை ஆள் வைத்துப் பார்த்தாயிற்று. சூடு சரியாக இருக்கிறதாம். சின்ன முட்டை போட்டேன். அப்புறம் முட்டையே போடாமல் செய்தேன். மொத்தம் ஐந்து தடவை. ஐந்தும் கொழகொழ. அவர் சாப்பிட்டுச் சாப்பிட்டுப் பழகிவிட்டார், இப்போதெல்லாம் தானே ஸ்பூனோடு வந்து உட்காருகிறார்.

அண்ணி, ஒன்று கேட்கிறேன். அண்ணன் என்னிடம் இந்தப் பீட்சாவைப் பற்றிப் பெருமை பேசும்போதெல்லாம், "உங்க அண்ணி பண்ற பீட்சாவுல பாதி வேலை என்னோடதுடி" என்பான். நீங்கள் எழுதினதில் அண்ணன் எங்கேயுமே இல்லையே. துருவுவது நீங்கள், பிசைவது நீங்கள், தட்டுவது நீங்கள். அப்படியென்றால் அண்ணனுடைய பாதி எது?

அதை மட்டும் எழுதுங்கள். வேறு ஒன்றும் எழுத வேண்டாம்.

வாலு


ஜூன் 14

அன்புள்ள வாலுக்கு,

நலம். நீங்கள் இருவரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

உன் அண்ணன் சும்மா பெருமை பேசுவார். பாதி வேலையும் இல்லை, கால் வேலையும் இல்லை. ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துகொண்டு கதை பேசுவார், அவ்வளவுதான்.

இரண்டு மாதம் எழுதாமல் இருந்ததற்குக் காரணம் ஒன்றும் இல்லை. கரண்டும் இப்போது அடிக்கடி போகிறது.

அண்ணி


ஜூன் 22

அண்ணிக்கு,

உங்கள் நாலு வரிக் கடிதம் கிடைத்தது. நலமாக இருங்கள்.

எனக்கும் அவன் ஒருவன்தான் அண்ணி. அப்பா முகம் எனக்கு நினைவில் இல்லை. அம்மா விடிவதற்கு முன்னால் வேலைக்குப் போய்விடுவாள். என் இரண்டு பின்னலுக்கும் ரிப்பன் கட்டிவிட்டு, என்னைப் பள்ளிக்கூடத்து வாசலில் விட்டுவிட்டுத் தன் பள்ளிக்கூடத்துக்கு ஓடினவன் அவன். நீங்கள் அவனோடு இருபத்தாறு வருஷம் இருந்தீர்கள். அதற்கு முன்னால் இருந்த இருபது வருஷம் என்னுடையது. கடைசி நாளில் எனக்கு ஒரு பங்கும் கிடையாதா?

இனிமேல் பீட்சாவைப் பற்றிக் கேட்க மாட்டேன். வாருங்கள் என்றும் கூப்பிட மாட்டேன். அறை மட்டும் காலியாக இருக்கிறது.

வாலு


ஆகஸ்ட் 9

என் கண்ணான வாலுக்கு,

உன் கடிதத்தை ஒன்றரை மாதமாகச் சலவைப் பிரிவு சட்டைப் பையில் வைத்துக்கொண்டே திரிந்தேன். ஒரு நாள் சட்டையோடு அதுவும் மிஷினுக்குள் போய்விட்டது. பரவாயில்லை, மனப்பாடம் ஆகிவிட்டிருந்தது. நீ கேட்டது நியாயம். உடம்பு சுகம் எல்லாம் கடைசியில் விசாரிக்கிறேன். முதலில் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அடுப்பைத் துடைக்கப் போய்விடுவேன்.

நேற்று ஃப்ரிட்ஜ் நின்றுவிட்டது. காலையில் பால் எடுக்கக் கதவைத் திறந்தால் உள்ளே விளக்கு எரியவில்லை. மேல் தட்டில் ஐஸ் கரைந்து கீழே சொட்டிக்கொண்டிருந்தது. மேலே இருந்த மூட்டையை மட்டும் எடுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, செருப்புக்கூடப் போடாமல் மூன்று மாடி இறங்கி ஓடினேன். கீழே ஒரு அக்கா கடை வைத்திருக்கிறார்களே, ஐஸ்கிரீம் பெட்டி வைத்திருப்பவர்கள், அவர்களிடம் போய் இதை உள்ளே வையுங்கள் என்றேன்.

"என்னக்கா இது, கறியா?"

"காலிஃபிளவர்."

"காலிஃபிளவருக்கா இந்த ஓட்டம்?" என்றார்கள். அப்புறம் என் முகத்தைப் பார்த்துவிட்டு ஐஸ்கிரீமை ஒதுக்கி இடம் பண்ணிக் கொடுத்தார்கள்.

அதுதான் வாலு, உன் அண்ணனுடைய பாதி வேலை.

வெந்து ஆறிய பூவைத் துணியில் கட்டிப் பிழிய வேண்டும். தண்ணீர் சொட்டச் சொட்ட, கை வலிக்க வலிக்கப் பிழிய வேண்டும். ஒரு பூவுக்குள் ஒரு சொம்புத் தண்ணீர் இருக்கும். அதை விட்டால் எத்தனை ஓவன் வாங்கினாலும் கொழகொழதான். நாள் முழுக்க விரிப்பு மடித்துவிட்டு வருகிற எனக்கு அந்தக் கைவலு கிடையாது. ஏணியில் ஏறக் கூடாது என்று டாக்டர் சொன்ன பிறகு அவருக்கும் கைக்கு வேலை இல்லாமல் போயிற்று. அதனால் அந்த வேலையைத் தானே எடுத்துக்கொண்டார். ஆஸ்பத்திரியில் கழித்துப் போட்ட தலையணை உறை ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தேன். நூறு தடவை துவைத்த துணி, பட்டு மாதிரி இருக்கும், ஓரத்தில் நீல மையில் 41 என்று முத்திரை. அதில் பூவைக் கொட்டி, முறுக்கிப் பிழிந்து, வாயைக் கட்டிக் குழாயில் தொங்கவிடுவார். மிச்சத் தண்ணீர் சொட்டட்டும் என்று.

அன்றைக்குக் காலையில் நான் கிளம்பும்போது, "சாயங்காலம் சீக்கிரம் வா. நான் பிழிஞ்சு வைக்கறேன், நீ வந்து ஓவன்ல போடு" என்றார். சரி என்றேன்.

பஸ் லேட் ஆகவில்லை வாலு. அன்றைக்கு எங்கள் சூப்பர்வைசர் அக்காவுக்கு வேலையில் கடைசி நாள். நாலு மணிக்குக் கேக் வெட்டினார்கள். நான் ஏறும் பஸ் வாசலில் வந்து நின்றதைச் சலவைப் பிரிவு ஜன்னல் வழியாகப் பார்த்தேன். அடுத்த பஸ்ஸில் போகலாம் என்று உட்கார்ந்துவிட்டேன். வீட்டில் இனிப்பு வாங்குவதில்லை அல்லவா, அவர் முன்னால் சாப்பிடுவதும் இல்லை. கேக் சாப்பிட்டு இரண்டு வருஷம் ஆகியிருந்தது. இரண்டு துண்டு சாப்பிட்டேன். வாயைக் கழுவிக்கொண்டு கிளம்பினேன், வாசனை தெரியக் கூடாது என்று.

வந்து பார்த்தபோது அவர் சமையலறை ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். தலை சுவரில் சாய்ந்திருந்தது. தூங்குகிறார் என்றுதான் நினைத்தேன். மூட்டை குழாயில் தொங்கிக்கொண்டிருந்தது. அதிலிருந்து இன்னும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது வாலு. அப்படியென்றால் அவர் போய் ரொம்ப நேரம் ஆகவில்லை. முதல் பஸ்ஸில் வந்திருந்தால் இருந்திருப்பாரோ என்னவோ. டாக்டர் அப்படியெல்லாம் இல்லை என்றார். டாக்டருக்கு அந்தச் சொட்டைப் பற்றித் தெரியாது.

ஆட்கள் வந்தபோது பக்கத்து வீட்டுப் பெண் அந்த மூட்டையைக் குழாயிலிருந்து எடுத்து ஃப்ரீசரில் வைத்துவிட்டாள். நாலு நாள் கழித்துத்தான் பார்த்தேன். அவர் போட்ட முடிச்சு அப்படியே இருந்தது. அவிழ்க்கவும் முடியவில்லை, தூக்கிப் போடவும் முடியவில்லை. அதனால்தான் கரண்ட், கரண்ட் என்று உயிரை விட்டேன். அதனால்தான் உன் வீட்டுக்கு வரவில்லை. அன்றையிலிருந்து ஓவனையும் மூட்டவில்லை. போன ஞாயிறு செய்தேன் என்று எழுதினது பொய்.

இப்போது சொல்லிவிட்டேன். என்னைத் திட்டி எழுது. உன் திட்டு எனக்கு வேண்டும்.

மாப்பிள்ளைக்குச் சர்க்கரை எவ்வளவு இருக்கிறது? நீ கண்ணாடி மாற்றினாயா?

அண்ணி


ஆகஸ்ட் 14

அண்ணி,

இங்கே எல்லோரும் நலம் என்று எழுதும் நிலையில் நான் இல்லை. கடிதத்தை அவரிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னேன், சரியாகத்தான் படித்தேனா என்று. முடிச்சு அப்படியே இருந்தது என்றுதானே எழுதியிருக்கிறீர்கள்?

நானும் ஒன்றை மறைத்தேன். பிழிய வேண்டும் என்று எனக்குத் தெரியும் அண்ணி. தெரிந்தேதான் ஐந்து தடவையும் பிழியாமல் செய்தேன். கொழகொழ என்று வந்தது என்று எழுதினால், "ஐயோ, பிழியலையா" என்று நீங்களாகவே அந்த இடத்துக்கு வருவீர்கள் என்று நினைத்தேன். பாவம், நடுவில் அவர்தான் ஸ்பூனால் சாப்பிட்டார். இப்போது உண்மையைச் சொன்னதும் என்னை ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வையை ஜென்மத்துக்கும் மறக்க மாட்டேன்.

எப்படித் தெரியும் என்றால், அன்றைக்கு அண்ணன் எனக்குப் போன் செய்தான். நாலரை மணி இருக்கும். போனை ஜன்னலில் வைத்துவிட்டுப் பேசினான். தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. என்ன செய்கிறாய் என்றேன். "உங்க அண்ணிக்கு எடுபிடி வேலை" என்றான். கொஞ்ச நேரம் கழித்து, "இடது கை வலிக்குதுடி வாலு, மேல வரைக்கும் இழுக்குது" என்றான்.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஒரு காலிஃபிளவரப் பிழியத் தெம்பு இல்ல, இவரு பெரிய பெயிண்டராம்" என்றேன். அவன் சிரித்தான். ரொம்பச் சிரித்தான். அப்புறம், "சரி வைக்கிறேன், முடிச்சுப் போடணும், அதுக்கு ரெண்டு கை வேணும்" என்று சொல்லி வைத்துவிட்டான்.

ஒன்பது மாதமாக எனக்கு ஒரே நினைப்புதான். அந்த முடிச்சைப் போட்டானா, இல்லையா? நான் கிண்டல் செய்த கையோடேயே அவன் விழுந்துவிட்டானா? உங்களிடம் கேட்டால், உனக்கு எப்படித் தெரியும் என்று நீங்கள் கேட்பீர்கள். கை வலிக்கிறது என்று சொன்னதை நான் சொல்ல வேண்டி வரும். டாக்டரிடம் போ என்று சொல்லாமல் சிரித்ததைச் சொல்ல வேண்டி வரும்.

போட்டிருக்கிறான். இரண்டு கையாலும் போட்டு, தூக்கித் தொங்கவிட்டு, அப்புறம்தான் உட்கார்ந்திருக்கிறான்.

அண்ணி, அந்த முடிச்சைக் கத்தியால் வெட்டிவிடாதீர்கள். அது என் ரிப்பன் முடிச்சு. பெயிண்ட் டப்பாவை ஏணியில் தொங்கவிடுவதும் அதே முடிச்சில்தான். ஒரு முனையை இழுத்தால் பூ மாதிரி அவிழும், இன்னொன்றை இழுத்தால் இறுகிவிடும். எந்த முனை என்று அவனுக்கும் எனக்கும்தான் தெரியும். 29ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை வருகிறேன். அதுவரை ஐஸ்கிரீம் பெட்டியிலேயே இருக்கட்டும்.

கேக் சாப்பிட்டதற்கு எல்லாம் திட்ட முடியாது. வேண்டுமானால், எனக்கு ஒரு துண்டு எடுத்து வைக்காததற்குத் திட்டுகிறேன்.

வாலு


ஆகஸ்ட் 19

என் வாலுக்கு,

வா. வாசலில் நிற்பேன்.

கை வலி என்று காலையில் என்னிடமும் சொன்னார். நான் தைலத்தைத் தேய்த்துவிட்டுப் பஸ்ஸைப் பிடிக்க ஓடினேன். இதையும் நான் உனக்கு எழுதவில்லை பார். நீயும் டாக்டருக்குப் படிக்கவில்லை, நானும் படிக்கவில்லை. ஆனால் நான் தைலம்தான் தேய்த்தேன், நீ சிரிக்க வைத்திருக்கிறாய்.

வரும்போது, உருகுகிற தண்ணீரைத் துடைக்கப் பழைய துணி இருந்தால் கொண்டுவா. வழியில் தண்ணீர் குடி.

அண்ணி


செப்டம்பர் 12

அன்புள்ள வாலுக்கு,

நீ ஊர் போய்ச் சேர்ந்ததாக எழுதின இரண்டு வரி வந்தது. இங்கே நான் நலம். நிஜமாகவே, இந்தத் தடவை பேச்சுக்குச் சொல்லவில்லை. உன் சீப்பை இங்கேயே விட்டுவிட்டாய். கடைக்கார அக்கா உன்னை விசாரித்தார்கள். "அந்த காலிஃபிளவர் இருந்த இடம் வெறிச்சுனு இருக்குக்கா, ஐஸ்கிரீம் வச்சாலும் நிரம்பல" என்கிறார்கள். எல்லாம் கிண்டல்தான்.

நீ வந்த அன்றைக்கு உன் எதிரில் நான் சொல்லாததை இப்போது எழுதுகிறேன்.

நீ முனையைத் தேடிப் பிடித்து இழுத்தாயே, ஒரே இழுப்பில் அவிழ்ந்ததே, அப்போது எனக்கு உன் மேல் பொறாமையாக இருந்தது. இருபத்தாறு வருஷம் கூட இருந்த எனக்கு அந்த முனை தெரியவில்லையே என்று. அப்புறம் துணியை விரித்தோம். ஐஸ்கட்டி மாதிரி இருந்த அந்த உருண்டையில் அவர் விரல் பதிந்த பள்ளம் நாலு இருந்தது. நீ உன் விரலை வைத்துப் பார்த்தாய், உனக்குப் பெரிதாக இருந்தது. நான் வைத்தேன், எனக்கும் பெரிதாகத்தான் இருந்தது. பொறாமை போய்விட்டது. நாம் பார்த்துக்கொண்டு இருக்கும்போதே அது இளகி, பள்ளம் மறைந்து, வெறும் காலிஃபிளவர் ஆகிவிட்டது. நான் பத்து மாதம் காவல் காத்தது, பத்து நிமிடம் நிற்கவில்லை.

நல்லவேளையாக நீ உடனே முட்டையை உடைத்தாய். நானாக இருந்தால் அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பேன்.

பீட்சா நன்றாக வந்ததா என்று போகும்போது கேட்டாய். உண்மையைச் சொன்னால், ஐஸ்பெட்டி வாசனை அடித்தது. ஓரம் கொஞ்சம் கருகிவிட்டது. ஆனால் அடி மட்டும் அட்டை மாதிரி நின்றது, கையில் எடுத்தால் வளையவில்லை. சொட்டுத் தண்ணீர் இல்லாமல் பிழிந்திருந்தார். வலிக்கிற கையோடு அப்படிப் பிழிந்திருக்கிறார்.

நேற்று நானே ஒரு பூ வாங்கினேன். துருவி, வேகவைத்து, 41ஆம் நம்பர் உறையில் கொட்டினேன். எனக்குத் தனியாகப் பிழிய வரவில்லை. நெட்டை வீட்டுக்கு வந்திருந்தாள். "என்னக்கா இது, நம்ம வேலைதானே" என்று ஒரு முனையைப் பிடித்தாள். நான் ஒரு முனையைப் பிடித்தேன். விரிப்பை முறுக்குகிற மாதிரி முறுக்கினோம். தண்ணீர் கொட்டிற்று. முடிச்சை நான்தான் போட்டேன், நீ காட்டிக் கொடுத்த மாதிரி. அரை மணி நேரம் குழாயில் தொங்கியது. சொட்டு விழும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். அவர் நினைப்பாகவே இருந்தது. இப்போதும் அப்படித்தான் இருக்கிறது. அது போகும் என்று எனக்குத் தோன்றவில்லை, போக வேண்டாம் என்றும் இருக்கிறது.

முடிச்சில் எந்த முனையை இழுப்பது என்று மறந்துபோய், தப்பான முனையை இழுத்து இறுக்கிவிட்டேன். நெட்டை பல்லால் கடித்து அவிழ்த்தாள்.

பதினைந்து நாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டேன். வெள்ளிக்கிழமை காலை பஸ் ஏறுகிறேன். மாப்பிள்ளையிடம் ஸ்பூனை எடுத்து உள்ளே வைக்கச் சொல். துணி நான் கொண்டுவருகிறேன், பூவை மட்டும் நீ வாங்கி வை. அந்த முடிச்சை இன்னொரு தடவை காட்டிக் கொடு.

மெக்கானிக் வந்து ஃப்ரிட்ஜைச் சரிசெய்துவிட்டுப் போனான். உள்ளே ஒன்றும் இல்லை. வீட்டைப் பூட்டிவிட்டு வருகிறேன். கரண்ட் போனால் போகட்டும்.

அண்ணி